துரைசாணியின் துணி துவைக்கும் மெசின்

என் அப்பாவால் சரிசெய்ய முடியாத மெசின் உலகத்திலேயே கிடையாது என்பது ஒன்பது வயதில் எனக்கு உறுதியாகத் தெரியும். அப்புத்தளைக்குக் கீழே, பெரகல போகும் வழியில் இருந்த எங்கள் தோட்டத்தில், தேயிலை அரைக்கும் ஸ்டோரின் மெசின்களையெல்லாம் பார்த்துக்கொண்டவர் அவர்தான். டைனமோ மக்கர் செய்தால்கூட அவர் போய் நின்றதும் வழிக்கு வந்துவிடும். தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில் இருந்த பிள்ளைகளிடம் இதைத் தினமும் சொல்லிப் பெருமையடிப்பேன். காது கொடுக்காதவர்களோடு பேச மாட்டேன்.

நாடு சுதந்திரம் வாங்கிப் பத்து வருஷம் ஆகியும் எங்களுக்கு வெள்ளைக்காரத் துரைதான். பங்களாத் துணியெல்லாம் துவைத்தவர் என் அத்தை, அப்பாவின் தங்கை. சின்ன வயதில் விழுந்து ஒடிந்த கால் சரியாகக் கூடாததால் மலையேறிக் கொழுந்து பறிக்க அவரால் ஆகாது. தோட்டத்தில் வேலை இல்லாதவருக்கு லயத்தில் இடமும் இல்லை. பங்களாச் சலவைதான் அவருக்குச் சோறு, கூரை எல்லாம். இது எனக்கும் தெரியும். ஆனாலும் சாயங்காலம் அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு வந்து உட்காரும்போது, இந்தப் பாழாய்ப்போன சலவை ஒழிந்தால் தேவலை என்றுதான் தோன்றும்.

என் ஆசை காதில் விழுந்ததுபோல் துரையின் பெண்சாதி, துரைசாணி, கப்பலில் ஒரு மெசின் வரவழைத்தார். துணியைப் போட்டு மூடினால் தானே தண்ணீர் பிடித்து, தானே துவைக்குமாம். மெசின் வந்த அன்று அத்தையை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். மெசின் தண்ணீர் பிடித்தது உண்மை. நிறுத்தத்தான் அதற்குத் தெரியவில்லை. பங்களாத் தரையெல்லாம் வெள்ளமாகி, அப்பாவைக் கூட்டிவர ஆள் வந்தது. சனிக்கிழமை என்பதால் நானும் ஒட்டிக்கொண்டேன்.

அப்பா முதலில் கரண்டை நிறுத்தினார். பிறகு பைப்பைத் திறந்தார். கரண்ட் இல்லாமலேயே தண்ணீர் உள்ளே கொட்டியது.

"பாத்தியா, கரண்டுல பிழை இல்ல. தண்ணி வர்ற வால்வுதான் மூட மாட்டேங்குது" என்றார்.

பைப்பை மூடி, ரப்பர் குழாயைக் கழற்றி, வால்வைப் பிரித்தார். உள்ளே ஒரு மணல் துணுக்கு. மலை ஓடையிலிருந்து நேரே வரும் தண்ணீர், மழை நாளில் மணலோடுதான் வரும். அதை எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். எல்லாவற்றையும் மறுபடி பூட்டிப் பைப்பைத் திறந்தார். ஒரு சொட்டு இறங்கவில்லை. எனக்குப் பெருமை தாங்கவில்லை. அப்பா மட்டும் சிரிக்கவில்லை. பைப்பை மூடிவிட்டு, முதல் நாள் அத்தை துவைத்துக் கொடியில் போட்டிருந்த துணிகளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

துரைசாணி வந்தார். பேச்சை மொழிபெயர்க்கச் சமையல்காரரும் கூட வந்தார்.

"நம்ம தண்ணிக்கு இந்த மெசின் சரிவராதுங்க. ஒண்ணும் செய்ய ஏலாது. திருப்பி அனுப்பிடச் சொல்லுங்க" என்றார் அப்பா.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. என் அப்பாவா இப்படிச் சொல்வது?

"அதான் சரி பண்ணிட்டீங்களே அப்பா! இந்தாங்க, மணலு!" என்று கையை நீட்டினேன். நானே போய்ப் பைப்பை முழுசாகத் திறந்துவிட்டேன். மெசின் அடக்கமாக நின்றது. தமிழ் தெரியாத துரைசாணிக்கும் அது புரிந்துவிட்டது. கை தட்டிச் சிரித்து, எனக்கு இரண்டு பிஸ்கட் கொடுத்தார். பைப்பைத் திறந்த என் கையை யாராவது பிடித்து நிறுத்தியிருக்கக் கூடாதா என்று இன்றைக்கும் மனசு கிடந்து அடித்துக்கொள்கிறது.

திரும்பும் வழியெல்லாம் அப்பா தரையைப் பார்த்தே நடந்தார். தான் மறந்துபோனதை மகள் எடுத்துச் சொல்லிவிட்ட வெட்கம் என்று நினைத்து, பெருந்தன்மையாக ஒரு பிஸ்கட்டை நீட்டினேன். வாங்கவில்லை.

லயத்தை நெருங்கியதும் நான் முந்திக்கொண்டு ஓடினேன். அத்தை வாசலில் நின்றிருந்தார்.

"அத்தை, அப்பா மெசினைச் சரி பண்ணிட்டாங்க! இனிமே நீங்க துவைக்கவே வேணாம்!"

அத்தை என்னைப் பார்க்கவில்லை. பின்னால் வந்த அண்ணனைப் பார்த்தார். அப்பா தலையைக் குனிந்துகொண்டார்.

"நீங்க என்ன செய்வீங்க அண்ணே" என்றார் அத்தை. கண் நிறைந்திருந்தது.

சந்தோஷத்தில் அழுகிறார் என்றுதான் நினைத்தேன். இவ்வளவு பெரிய நன்மையைச் செய்தவள் நான் இங்கே நிற்கிறேன், ஒருவரும் கண்டுகொள்ளவில்லையே என்று எனக்குக் கோபம்கூட வந்தது.