செயின்ட் ஜேம்ஸில் இறங்காத இரஞ்சிதம்

மகேந்திரராஜாவைப் போல நல்ல மனிதரையும் காண முடியாது, அவரைப் போல யோசிக்காமல் பேசுகிறவரையும் காண முடியாது. சிட்னிப் புறநகரான டூங்கபியில் எங்களுக்குப் பக்கத்து வீடு. வேலை சிட்னி நகரத்து நடுவில், ஹைட் பார்க் மரங்களுக்கு அடியில் இருக்கிற செயின்ட் ஜேம்ஸ் ரயில் நிலையத்தில். அந்தச் சுரங்க நிலையத்துக்கு நூறு வயது ஆகப்போகிறது. மேடையில் நின்று ரயில்களை அனுப்புவார், சக்கர நாற்காலியில் வருகிறவர்களுக்குப் பலகை போட்டு ஏற்றிவிடுவார்.

மனிதருக்கு அந்த இடத்தின் மேல் காதல் என்றே சொல்லலாம். "அக்கா, ரயிலுக்கு முதல் அதின்ரை காத்துத்தான் வரும். முகத்தைத் தடவிப்போட்டுப் போகும். கண்ணை மூடினா கடற்கரையிலை நிக்கிற மாதிரி" என்பார். வளைந்த கூரையையும், பச்சைக் கரை போட்ட சுவர்களையும், தூரத்து இருட்டில் இரண்டு விளக்குகள் பிறந்து மெல்லப் பெருப்பதையும் அவர் சொல்லச் சொல்ல நானும் பாதி உறக்கத்தில் கேட்பதுபோல இருப்பேன்.

ஆனால் அவருடைய மனைவி இரஞ்சிதம் ஒரு நாளும் அங்கே இறங்கியதில்லை. சிட்டிக்குப் போனால், ரயில் நிலத்துக்குள் போவதற்கு முதல் வரும் சென்ட்ரல் நிலையத்திலேயே இறங்கி நடப்பாள், மழையோ வெயிலோ. இலங்கை யுத்தத்தில், வன்னியில் ஷெல் அடியின்போது பங்கருக்குள், அதுதான் பதுங்குகுழிக்குள், இருந்தவள். மண் சரிந்து வாசலை மூடிவிட்டது. அவளைத் தோண்டி எடுத்தார்கள். தகப்பனை உயிரோடு எடுக்க முடியவில்லை.

இதெல்லாம் தெரிந்த மனிதர் என்ன செய்தார் தெரியுமா? வேலைக்குச் சேர்ந்த கிழமை வீட்டுக்கு வந்து, பெரிய ஆறுதல் சொல்வதாக நினைத்துக்கொண்டு, "உலக யுத்தத்திலை சனம் குண்டுக்கு ஒளிக்கவெண்டு அந்தச் சுரங்கத்தைப் பங்கராக்கினவங்களாம். பயப்பிடாதையும், சிட்னியிலையே பாதுகாப்பான இடம்" என்றாராம். கேட்டதும் எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. "தம்பி, உமக்கு மண்டைக்குள்ளை என்ன களிமண்ணோ?" என்று கேட்டேவிட்டேன். தலையைக் குனிந்துகொண்டார், பாவம்.

இந்த மாதம் அவருக்கு ஓய்வு. கடைசி நாளிலாவது இரஞ்சிதம் வந்து, தான் இத்தனை வருடம் நின்ற இடத்தைப் பார்க்க வேண்டும் என்பது அவருடைய ஒரே ஆசை. அவளிடம் கேட்கத் துணிவில்லாமல் என்னிடம் சொன்னார். நான் கேட்டேன். "ஏலாது அக்கா" என்றாள். அதோடு விட்டுவிட்டேன். அந்தக் கடைசி நாள் காலையில் அவளாகவே சேலை உடுத்திக்கொண்டு என் வாசலில் வந்து நின்று, "நீங்களும் வாறீங்களோ?" என்றாள்.

சென்ட்ரலில் ரயில் மாறினோம். ரயில் நிலத்துக்குள் நுழைந்ததும் ஜன்னல்கள் கறுத்தன. கண்ணாடியில் எங்கள் முகங்களே எங்களோடு மிதந்து வந்தன. அவள் கண்ணை மூடி, என் கையை நோகப் பிடித்திருந்தாள். செயின்ட் ஜேம்ஸில் கதவு திறந்தபோது இறங்காமலே விட்டுவிடுவாளோ என்று நினைத்தேன். இறங்கினாள்.

ரயில் போன பிறகு காலடிச் சத்தங்கள் ஒவ்வொன்றாகக் கரைந்தன. மங்கலான மஞ்சள் வெளிச்சம் சுவரெல்லாம் வழிந்து கிடந்தது. தூரத்தில் சீருடையோடு மகேந்திரராஜா நின்றார். எங்களைக் கண்டும் அசையவில்லை. இரஞ்சிதம் சுவரைத் தடவிப் பார்த்தாள், கூரையை அண்ணாந்து பார்த்தாள், பிறகு அழத் தொடங்கினாள். அப்போதுதான் அவர் ஓடி வந்தார்.

"பயமாக் கிடக்கோ? மேலை போவம், வாரும்."

"இல்லையப்பா. இஞ்சை எவ்வளவு வெளிச்சமாக் கிடக்கு. நான் அந்தப் பங்கர் மாதிரி எண்டெல்லோ நினைச்சனான். ஒவ்வொரு நாளும் சாப்பாடு கட்டித் தந்து உங்களை அதுக்குள்ளை அனுப்பிப்போட்டு, நீங்கள் திரும்பி வருமட்டும் எனக்கு ஒரு வாய் தண்ணி இறங்காது."

அவள் தனக்காகத்தான் பயப்படுகிறாள் என்று அவரும் நினைத்திருந்தார், நானும் நினைத்திருந்தேன்.

"ஏனப்பா என்னட்டைச் சொல்லேலை?" என்று அவர் கேட்டார்.

"சொல்லியிருந்தா வேலையை விட்டிருப்பியள்" என்றாள் இரஞ்சிதம்.