வாய் வார்த்தையில் ஒரு சஸ்பென்ஷன்

என்னை வேலையிலிருந்து நிறுத்தி வைத்தவர் ஒரு கடுஞ்சொல்கூடப் பேசவில்லை. காப்பி வரவழைத்துக் கொடுத்துவிட்டுத்தான் ஆரம்பித்தார். "டீச்சர், நாளையிலிருந்து நீங்க வர வேண்டாமுங்க. ஊட்ல ரெஸ்ட் எடுங்க. நானே சொல்லி அனுப்பறனுங்க." நானும் தலையை ஆட்டிக்கொண்டு "சரிங்க" என்றேன். அந்த "சரிங்க"வை நினைத்தால் இன்றைக்கும் என்னை நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

எண்பதுகளின் கடைசி அது. எங்கள் பனியன் ஊரில், ராயபுரத்திலிருந்து நடந்து போகிற தூரத்தில், அரசு உதவி பெறும் தனியார் பள்ளிக்கூடம். என்னை நிறுத்தி வைத்த தாளாளர் பனியன் கம்பெனி முதலாளி. நூலும் துணியும் வாய் வார்த்தையிலேயே கைமாறிய ஊர். பெரிய மனிதர் ஒருவர் சொன்ன பிறகு "எழுதிக் கொடுங்க" என்று கேட்டால் அவரை நம்பவில்லை என்று அர்த்தம். பத்து வருஷம் அங்கே பாடம் நடத்தியதில் அந்த வழக்கம் எனக்கும் ஊறிப்போயிருந்தது.

நான் செய்த குற்றம் இவ்வளவுதான். என் எட்டாம் வகுப்பில் ஏழு பிள்ளைகள் பனியன் கம்பெனி வேலைக்குப் போய்விட்டார்கள். வருகைப் பதிவேட்டில் அவர்களும் வந்ததாகப் போடச் சொன்னார் தாளாளர். தலை எண்ணிக்கை குறைந்தால் ஆசிரியர் பணியிடம் ஒன்று போய்விடுமாம். மாட்டேன் என்றேன்.

சொல்லி அனுப்புவார், அனுப்புவார் என்று ஒரு வாரம் வீட்டில் உட்கார்ந்திருந்தேன். யாரும் வரவில்லை. கல்வி அதிகாரி அலுவலகத்துக்குப் போனேன். அங்கிருந்த குமாஸ்தா முதலில் கேட்டதே, "ஆர்டர் எங்கீங்க?" என்றுதான்.

"வாயில சொன்னாருங்க."

அவர் பேனாவை மூடி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "வாயில சொன்னா அது சஸ்பென்சனே இல்லீங்க டீச்சர். என்ன குத்தம்னு எழுதி ஆர்டர் குடுக்கோணும். ரெண்டு மாசத்துக்கு மேல அவுங்க இஷ்டத்துக்கு இழுக்கக் கூடாது. அதுவரைக்கும் பாதிச் சம்பளம் தரோணும். இப்ப நீங்க லீவு லெட்டர்கூடக் குடுக்காம ஊட்ல உக்காந்திருக்கறீங்க. வேலைய உட்டுட்டுப் போயிட்டாங்கன்னு அவுங்க எழுதி அனுப்புனா முடிஞ்சுதுங்க."

 பத்து வருஷ சர்வீஸ் ஒரு "சரிங்க"வில் போயிருக்கும்.

மறுநாள் ஒன்பது மணிக்குப் பள்ளி வாசலில் நின்றேன். வாட்ச்மேன் கேட்டைத் திறக்கவில்லை. "என்ற பொழப்புல மண்ணள்ளிப் போட்றாதீங்க டீச்சர்" என்று கையெடுத்துக் கும்பிட்டார். அவரை என்ன சொல்வது? நேரே பனியன் கம்பெனிக்குப் போய் தாளாளரிடம் ஆர்டர் கேட்டேன். மறுபடியும் காப்பி வந்தது. "நமக்குள்ள எதுக்குங்க பேப்பரெல்லாம்?" என்று சிரித்தார். மூன்று முறை போனேன். மூன்று முறையும் காப்பிதான். கத்திச் சண்டை போட்டிருந்தால்கூடப் பதிலுக்குக் கத்தியிருப்பேன். இந்த மரியாதையை வைத்துக்கொண்டு என்ன செய்வது? வீட்டுக்காரர் வேறு, "பெரிய எடம், கொஞ்சம் அனுசரிச்சுப் போ" என்று தினமும் ஓதினார்.

அனுசரித்ததெல்லாம் போதும் என்று தபாலாபீசுக்குப் போனேன். "இன்று காலை ஒன்பது மணிக்குப் பணிக்கு வந்தேன். உள்ளே விடவில்லை" என்று இரண்டே வரி. தாளாளர் பெயருக்கு, பள்ளி விலாசத்துக்கு, ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபால். அடுத்த நாளும் வாசலில் நின்றேன், அடுத்த நாளும் அதே இரண்டு வரி. மழையானாலும் காய்ச்சலானாலும் விடவில்லை. தபாலாபீசில் என்னைப் பார்த்தாலே சிரிப்பார்கள்.

தாளாளருக்குக் கடிதம் படிக்கிற பழக்கமே கிடையாது. பள்ளி எழுத்தர் அட்டையில் கையெழுத்துப் போட்டு, சீல் குத்தி, உறையைப் பிரிக்காமல் அவர் மேஜை இழுப்பறையில் போட்டுவிடுவார். அட்டை மட்டும் ஒழுங்காக எனக்குத் திரும்பி வந்தது.

இரண்டு மாதம் கழித்து, குமாஸ்தா சொன்னபடியே தாளாளர் கல்வி அதிகாரிக்கு எழுதி அனுப்பினார்: இந்த ஆசிரியை சொல்லாமல் கொள்ளாமல் வேலையை விட்டுப் போய்விட்டார், நீக்க அனுமதி வேண்டும். வராத பிள்ளைகளை வந்ததாகப் போடச் சொன்னவர், தினமும் வந்த என்னை வரவில்லை என்று எழுதியிருந்தார். விளக்கம் கேட்டு அதன் நகலை அதிகாரி எனக்கு அனுப்பினார். 

விசாரணையன்று கடித நகல்களையும் அட்டைக் கட்டையும் அதிகாரி மேஜையில் வைத்தேன். ஒவ்வொரு அட்டையிலும் தேதி, பள்ளியின் சீல். அவர் நாலைந்தைப் புரட்டிவிட்டு, எதிரே இருந்த தாளாளரிடம், "பதிவேட்ல இல்லாட்டி என்னங்க, டீச்சரோட அட்டெண்டன்ஸ உங்க ஆபீசே போட்டுக் குடுத்திருக்குது" என்றார்.

தாளாளருக்கு முகம் சுண்டிப்போயிற்று. என் பக்கம் திரும்பினார். "நேர்ல ஒரு வார்த்தை சொல்லியிருந்தா முடிஞ்சிருக்குமுங்களே டீச்சர். செரி, நாளைக்கு வந்துருங்க."

"எழுதிக் கொடுங்க" என்றேன்.

 அதிகாரி ஒரு வெள்ளைத் தாளைத் தாளாளர் பக்கம் நகர்த்தினார். அவர் எழுதிக் கொடுத்தார்.

மறுநாள் வகுப்பில் பதிவேட்டைத் திறந்தேன். நான் வாசலில் நின்ற நாளெல்லாம் வேறொருவர் அந்த ஏழு பேருக்கும் வந்ததாகப் போட்டிருந்தார். ஒருநாள்கூட விடுமுறை எடுக்காத பிள்ளைகள். ஏழு பெயரையும் ஒவ்வொன்றாகக் கூப்பிட்டேன். "கம்பெனிக்குப் போயிட்டாங்க டீச்சர்" என்று மற்ற பிள்ளைகள் ஒவ்வொரு பெயருக்கும் பதில் சொன்னார்கள். ஏழு பேருக்கும் ஆப்சென்ட் போட்டுவிட்டுப் பாடத்தை ஆரம்பித்தேன்.