சுவீடன்காரிக்கு மாமா வைத்த பெயர்

மாமாவோடு சினிமாவுக்குப் போவதைப்போல எரிச்சலூட்டும் காரியம் எதையும் அந்த வயதில் நான் அறிந்ததில்லை. அம்மாவின் தம்பி அவர். பகலில் ரங்கூன் போட்டாதாங் படகுத்துறையில் சரக்குக் கிட்டங்கிக் குமாஸ்தா, மாலையில் கொட்டகையில் படம் சொல்பவர். பேசும் படம் வராத காலம். திரையோரம் பிரம்போடு நின்று, இடையிடையே வரும் ஆங்கில எழுத்துகளைத் தமிழில் கதையாகச் சொல்ல வேண்டும். தரையில் உட்கார்ந்திருக்கும் துறைமுகக் கூலிகளுக்கு அவர் சொன்னதுதான் வேதம்.

எனக்கு வயது பத்து. கான்வென்ட்டில் படித்து, அந்த எழுத்துகளைக் கூட்டி வாசிக்கப் பழகியிருந்தேன். வந்தது வினை.

ஒரு சுவீடன்காரி நடித்த படங்கள் இரண்டு வருடமாக வந்துகொண்டிருந்தன. முதலில் பனிக்காட்டில் பால் கறக்கிறவளாக வந்தாள். பிறகு பாதிரியாரின் மனைவி. அப்புறம் அமெரிக்காவுக்குக் கப்பலேறி, முடியைக் குட்டையாக வெட்டிக்கொண்டு சீமாட்டியாக நடித்தாள். நோட்டீஸில் அவள் பெயர் கொட்டை எழுத்தில் இருக்கும். மாமா அதைச் சட்டை செய்வதே இல்லை. எந்தப் படமானாலும் அவள் பெயர் தனம். புருஷனோடு கோபித்துக்கொண்டு போவாள், கடைசியில் திரும்பி வந்துவிடுவாள். திரையில் அவள் வேறொருவனோடு ரயிலேறினாலும், "தனம் வூட்டுக்குத்தான் போறா. ரயிலு அந்தப் பக்கமா சுத்திப் போவும்" என்று கூசாமல் சொல்வார்.

மாமாவுக்கு இங்கிலீஷே தெரியவில்லை என்று அம்மாவிடம் முறையிட்டேன். "ஒனக்கு ஏன்டி அந்த வம்பு" என்றாள். மாமாவோ கொட்டகை வாசலில் பர்மாக்காரர்களின் சேமியாப் பண்டமான அத்தோ வாங்கிக் கொடுத்து என் வாயை அடைக்கப் பார்த்தார். தின்றுவிட்டு இன்னும் எரிச்சலானேன்.

கடைசியாக வந்த படத்தில் அவள் உறைந்த ஏரியில் நடந்து, பனிக்கட்டி உடைந்து மூழ்கிப்போனாள். எழுத்திலும் தெளிவாகப் போட்டிருந்தது. மாமா பிரம்பை நீட்டி, "அக்கரையில ஏறிட்டா தனம். வூட்டுல வெளக்கு எரியுது பாருங்க" என்றார்.

எனக்குப் பொறுக்கவில்லை. பெண்கள் பெஞ்சின்மேல் ஏறி நின்றேன். "பொய். அவ செத்துப்போயிட்டா. திரும்பி வரவே இல்லன்னு எழுதியிருக்கு."

கொட்டகையே என் பக்கம் திரும்பியது. "படிச்ச புள்ள சொல்லுது" என்றார் யாரோ. மாமா பிரம்பைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். மிச்சப் படம் கதை சொல்ல ஆளில்லாமல் ஓடியது. வேர்க்கடலைத் தோல் அவர்மேல் பறந்தது. மறுநாள் கொட்டகை முதலாளி வேறு ஆளை வைத்துக்கொண்டார். மாமா என்னைத் திட்டக்கூட இல்லை. அதுவும் எரிச்சலாகத்தான் இருந்தது.

பல வருடம் கழித்து என் கல்யாணப் பத்திரிகைகளுக்கு விலாசம் எழுதிக்கொண்டிருந்தோம். நாகப்பட்டினத்து அத்தைக்கும் ஒன்று போடச் சொன்னாள் அம்மா. மாமாவின் மனைவி. நான் தவழ்ந்த காலத்திலேயே கோபித்துக்கொண்டு ஊருக்குக் கப்பலேறியவள். எங்கள் வீட்டில் அவளுக்கு அத்தை என்பதைத் தவிர வேறு பெயர் இருந்ததாக எனக்குத் தெரியாது.

"பேரு என்னம்மா போடறது?"

அம்மா குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "தனம்னு போடு."

எதிரே மாமா, ரங்கூன் துரைமார்களுக்கான உறைகளில் ஆங்கிலத்தில் விலாசம் எழுதிக்கொண்டிருந்தார், ஓர் எழுத்துகூடப் பிழையில்லாமல்.