வெறும் சீசா

கண்ணாடிச் சாமான் கழுவுவதைச் சின்ன வேலை என்று நினைப்பவர்கள் ஒரு நாள் செய்து பார்க்கட்டும். கழுவிய சீசாவில் நல்ல தண்ணீர் ஊற்றிக் கவிழ்க்க வேண்டும். உள்ளே தண்ணீர் ஒரே படலமாக இறங்கினால் சுத்தம். அங்கங்கே முத்து முத்தாக நின்றால் பிசுக்கு இருக்கிறது, மறுபடி சோடாத்தூள் போட வேண்டியதுதான். நான் கழுவிய சீசாவில் முத்து நின்றது கிடையாது. திருப்பதியில் மலையடிவாரத்தில் இருந்த அந்தக் கல்லூரியில் யாரைக் கேட்டிருந்தாலும் சொல்லியிருப்பார்கள்.

அப்படிப்பட்ட என் கையால்தான் அந்தத் தப்பு நடந்தது. அதை எழுதத்தான் உட்கார்ந்திருக்கிறேன். என் படிப்பு நாலாம் வகுப்போடு நின்றது. எழுத்து கோணலாக வரும், வரட்டும். எனக்கு அவசரம் ஒன்றும் இல்லை.

ஆந்திரா தனியாகப் பிரிந்து, பிறகு எல்லையையும் பங்கு போட்டுக்கொண்ட சமயம் அது. திருத்தணி மதராஸ் பக்கம் போயிற்று. சத்தியவேடு ஆந்திராவுக்கு வந்தது. திருத்தணியில் இருந்த என் பிறந்த வீடு மதராஸ் பக்கம், நகரியில் வாழ்க்கைப்பட்ட வீடு ஆந்திரா பக்கம் என்று ஆகிவிட்டது. அந்த வருடம் என் வீட்டுக்காரர் மூட்டை வண்டியிலிருந்து விழுந்து கால் முறிந்தது. புத்தூரில் கட்டு கட்டினார்கள். எலும்பு கூடியது. ஆனால் இனி பாரம் தூக்கக்கூடாது என்று சொல்லிவிட்டார்கள். இரண்டு பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு திருப்பதிக்கு வந்தோம். கல்லூரியில் கண்ணாடி கழுவ ஆள் தேடினார்கள். அங்கே அட்டெண்டராக இருந்த புத்தூர்க்காரர் என்னைக் கொண்டுபோய் நிறுத்தினார். அவரை நான் அண்ணே என்றுதான் கூப்பிடுவேன். அந்த வேலையில்தான் எங்கள் வீட்டில் அடுப்பு எரிந்தது.

எங்களுக்கு மேலே இருந்தவர் ஒரு பேராசிரியர். சித்தூர்க்காரர், வீட்டில் தெலுங்கு பேசுகிறவர், தமிழும் நன்றாக வரும். எந்நேரமும் கல்லைப் பொடி பண்ணிக்கொண்டே இருந்ததால் அண்ணன் அவருக்குக் கல்லு சார் என்று பெயர் வைத்திருந்தார். எதற்கு இத்தனை கல் என்று ஒரு நாள் அவரிடமே கேட்டுவிட்டேன். கோபிக்காமல் சொன்னார். அந்தக் காலத்து மரம், செடி, கடல் பாசி எல்லாம் செத்து மண்ணுக்குள் போகும். உடம்பு அழிந்துவிடும். அதிலிருந்த மெழுகும் பிசினும் மட்டும் கொஞ்சம் கல்லுக்குள்ளேயே தங்கிவிடும். ஒவ்வொரு உயிரும் விடுகிற மிச்சம் ஒவ்வொரு மாதிரி. அதைப் பிரித்துப் பார்த்தால் அங்கே அன்றைக்குக் காடு இருந்ததா கடல் இருந்ததா, கீழே பெட்ரோல் இருக்க வழி உண்டா என்று ஓரளவு சொல்லலாமாம்.

"அடிப்பிடிச்ச சட்டியச் சொரண்டி மோந்து பாத்து, நேத்து இன்னா கொழம்பு வெச்சாங்கன்னு சொல்ற மாதிரியா சார்?" என்றேன்.

"அதேதாம்மா," என்று சிரித்தார். "ஆனா அந்தக் கொழம்பு வெச்சு கோடி வருஷம் ஆச்சு."

சத்தியவேட்டுப் பக்கத்துக் குன்றுகளிலிருந்து சாக்கு சாக்காகக் கல் வந்தது. சிலவற்றில் இலை படிந்த அச்சு அப்படியே இருக்கும், நரம்பு கூடத் தெரியும். அந்தக் கல்லைப் பொடித்து, கண்ணாடி மூடி போட்ட பெரிய சீசா ஒன்றில் கொட்டி, எண்ணெயைக் கரைக்கிற பென்சீன் ஊற்றி மூன்று நாள் ஊறவைப்பார்கள். பிறகு தெளிவை மட்டும் ஒரு வெள்ளைக் கிண்ணத்தில் இறுத்துக் காயவிடுவார்கள். பென்சீன் ஆவியாகப் போய்விடும். கல்லிலிருந்து ஏதாவது இறங்கியிருந்தால் கிண்ணத்தின் அடியில் நிற்கும். மற்ற ஊர்க் கல்லுக்கெல்லாம் கிண்ணம் காலியாகவே நின்றது. சத்தியவேட்டுக் கல்லுக்கு மட்டும் அடியில் மஞ்சளாக ஒரு பசை நின்றது. இருட்டறைக்குக் கொண்டுபோய் நீல விளக்கில் காட்டினால் எண்ணெய் மினுங்குமாம். அதுவும் மினுங்கியது.

சாருக்குக் கால் தரையில் நிற்கவில்லை. மறுபடி ஊறவைத்தார். மறுபடியும் மஞ்சள். கல்லுக்குள் எண்ணெய் என்று முடிவே கட்டிவிட்டார். வெள்ளிக்கிழமை ரயிலேறி ஹைதராபாத் போய், பெரியவர்கள் கூடும் சபையில் சொல்லி, குன்றில் துளை போட மிஷின் கேட்கப் போகிறேன் என்றார். செய்தி எப்படியோ வெளியே போய்விட்டது. என் தம்பி திருத்தணியிலிருந்து வந்தவன் வாசலிலேயே ஆரம்பித்தான்.

"இன்னாக்கா, உங்க ஆந்திராவுல கல்லப் புழிஞ்சா கிருஷ்ணாயில் வருதாமே? எங்க மதராஸ்காரனுங்க ஏமாந்து சத்தியவேட்டக் குடுத்துட்டு, இப்போ தலைல கை வெச்சிக்கினு ஒக்காந்துகினு கீறானுங்க!"

"நீங்க திருத்தணி மலைய வாங்கிக்கினீங்களே, அதப் புழியுங்க போ," என்றேன். எனக்கும் பெருமைதான். அந்தச் சீசாவைக் கழுவியது நானாயிற்றே.

புதன்கிழமை மத்தியானம். இரண்டாவது கிண்ணம் ஜன்னலில் வெயில்படக் கிடந்தது. பென்சீன் வாடை சுத்தமாகப் போயிருந்தது. கழுவ எடுத்தேன். சூடேறிய கிண்ணத்திலிருந்து ஒரு வாசனை வந்தது. எனக்குப் பிறந்ததிலிருந்து தெரிந்த வாசனை. எங்கள் ஊர்ச் செக்கில் ஆட்டிய கடலை எண்ணெய்.

கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு அந்தப் பெரிய சீசாவை எடுத்தேன். அதன் கழுத்தும் மூடியும் உரசி உரசிச் சொரசொரப்பாக்கிய கண்ணாடி. மாதத்துக்கு இரண்டு தடவை இறுகிக்கொள்ளும். ஒரு தடவை திறக்கவே முடியாமல் போனபோது, வீட்டில் ஊறுகாய் ஜாடிக்குச் செய்வதுபோல மூடியைச் சுற்றி ஒரு சொட்டு கடலை எண்ணெய் விட்டேன். அழகாகத் திறந்தது. அதிலிருந்து, கழுவிக் காயவைத்த பிறகு விரலால் கொஞ்சம் எண்ணெய் தொட்டு அந்தக் கழுத்தில் தடவி வைப்பதை வழக்கமாகவே வைத்துக்கொண்டேன். சாருக்குச் சிரமம் இருக்கக்கூடாதே என்றுதான். மற்ற சீசாக்கள் சின்னவை, கார்க்கு மூடி. சத்தியவேட்டுக் கல் நிறைய வந்ததால் அது மட்டும் பெரிய சீசாவுக்குப் போனது.

அண்ணனிடம் சொன்னேன். அவர் போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

"வாய மூடிக்கினு இரும்மே. நீ எண்ண தடவனத எவன் பாத்தான்?"

"நான் பாத்தேனே அண்ணே."

"வேல பூட்ச்சின்னா ஊட்ல இன்னாத்த துன்னுவீங்க? கால் ஒடஞ்ச மனுசன் வேற ஒக்காந்துகினு கீறாரு. அவுரு ஹைதராபாத் போறாரு, துள போடறாங்க, ஒண்ணும் வரல. கல்லுல வரலன்னு பூடும். உன்ன யாரு கேக்கப் போறாங்க?"

அவர் சொன்னதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் அத்தனை பெரியவர்கள் நடுவில் அந்த மனிதர் எழுந்து நின்று, கோடி வருஷத்து எண்ணெய் என்று என் கடலை எண்ணெயைச் சொல்லப் போகிறார். அதை நினைத்தால் என்னால் உட்கார முடியவில்லை. என் வேலை சுத்தம். நேராக அவர் அறைக்குப் போய்ச் சொன்னேன்.

முதலில் அவருக்குப் புரியவில்லை. புரிந்ததும் எழுந்துவிட்டார்.

"எண்ணெயா? கண்ணாடிக்கா? யாரம்மா உன்னத் தடவச் சொன்னாங்க?"

"யாரும் சொல்லல சார். நானா தடவனேன்."

"கொஞ்சூண்டு விரல் எண்ணெயா இவ்ளோ மஞ்சள் காட்டும்? உனக்கு என்ன தெரியும்? போ. நாளையிலேருந்து வேலைக்கு வர வேணாம்."

நான் போகவில்லை. "போறேன் சார். போறதுக்கு முன்னால ஒண்ணு. எங்க ஊட்ல ரசத்துல வேற வாசன அடிச்சா, புளியையும் மொளகையும் திட்ட மாட்டோம். அதே ஏனத்துல வெறும் தண்ணிய ஊத்திக் காய்ச்சிக் குடிச்சிப் பாப்போம். அதுலயும் அடிச்சா ஏனந்தான் கோளாறு. அந்தச் சீசாவுல கல்லு போடாம வெறும் பென்சீன ஊத்திப் பாருங்க."

அவர் போய் அந்தச் சீசாவை எடுத்துவந்தார். நான் தடவி வைத்தபடியே இருந்தது. அவரே பென்சீன் ஊற்றி, மூடி, குலுக்கி, வெந்நீர்த் தொட்டியில் இரண்டு மணி நேரம் வைத்தார். கிண்ணத்தில் இறுத்துக் காயவிட்டார். அண்ணன் கதவுக்குப் பக்கத்தில் நின்று வேட்டி முனையைக் கசக்கிக்கொண்டிருந்தார். கல் ஒரு துகள்கூட அதில் இல்லை. அடியில் மஞ்சள் நின்றது. நீல விளக்கில் அதே மினுக்கு.

சார் இருட்டறையிலிருந்து வெளியே வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார். மேஜையில் ரயில் டிக்கெட் இருந்தது. அதை எடுத்து ஒரு புத்தகத்துக்குள் வைத்து மூடினார். நான் கும்பிட்டுவிட்டு வீட்டுக்கு வந்தேன். வீட்டுக்காரரிடம் நடந்ததைச் சொன்னேன். "சரியாத்தான் செஞ்ச," என்றார்.

மறுநாள் காலையில் எப்போதும் போகிற நேரத்துக்குப் போனேன்.

"வர வேணாம்னு சொன்னேனே," என்றார் சார்.

"சொன்னீங்க சார். அந்தச் சீசாக் கழுத்துல எறங்கியிருக்கற எண்ண சும்மா கழுவனா போவாது. சோடா போட்டுக் காய்ச்சணும். அத யாரு செய்வாங்க?"

அவர் வாயோரத்தில் என்னவோ அசைந்தது. "செய்," என்றார்.

காய்ச்சினேன். தண்ணீர் படலமாக இறங்கும்வரை விடவில்லை. எண்ணெய் தொடாமல் மூடினேன். அதில் சார் முதலில் வெறும் பென்சீன், பிறகு சத்தியவேட்டுக் கல் என்று இரண்டையும் தனித்தனியாக ஊறவைத்தார். இரண்டு கிண்ணமும் வெள்ளை வெளேரென்று நின்றன. ஹைதராபாத்துக்குக் காகிதம் போட்டு, தான் வரவில்லை, கல்லில் எண்ணெய் இல்லை என்று எழுதினார். எதனால் என்று எழுதினாரோ தெரியாது. என் பேர் எங்கும் வரவில்லை, வேலையும் போகவில்லை.

அதிலிருந்து அங்கே ஒரு வழக்கம் வந்தது. எந்தக் கல்லை ஊறவைத்தாலும் பக்கத்தில் கல் போடாத சீசா ஒன்று கூடவே ஊறும். அதைத் தயார் பண்ணுவது என் பொறுப்பு. முதல் நாள் சார் ஒரு துண்டுக் காகிதமும் பசையும் கொடுத்தார்.

"இதுமேல எழுதி ஒட்டும்மா. மாத்தி எடுத்துடக் கூடாது."

"எனக்குத் தெலுங்கு எழுத்து வராது சார்."

"உனக்கு எது வருமோ அதுல எழுது."

வெறும் சீசா என்று எழுத நினைத்தேன். என் எழுத்து பெரிது, காகிதம் சிறிது. "வெறும்" என்பதோடு இடம் தீர்ந்துவிட்டது. அப்படியே ஒட்டினேன்.

வருடங்கள் போயின. சார் ஓய்வு பெற்றுப் போனார். கல்லிலிருந்து இறங்கியதைப் பிரித்துக் காகிதத்தில் மலை மலையாகக் கோடு போட்டுக் காட்டும் மிஷின் வந்தது. அந்த மிஷின் சத்தியவேட்டுக் கல்லில் கண்ணுக்கே தெரியாத அளவு இலை மெழுகைக் கண்டுபிடித்தது என்று அங்கே படித்தவர்கள் சொன்னார்கள். அந்தக் கல் ஊறிய சீசாவும், பக்கத்தில் ஊறிய வெறும் சீசாவும் நான் கழுவியவைதான்.

நான் வேலையிலிருந்து நின்ற நாளில், கடப்பைப் பக்கத்திலிருந்து வந்து படித்துக்கொண்டிருந்த ஒரு பெண் கல் பொடியோடு உள்ளே வந்தாள். அவளுக்குத் தமிழில் ஒரு எழுத்து தெரியாது. ஆனால் அங்கே எல்லோருக்கும் போல அவளுக்கும் கல் போடாத சீசாவின் பெயரே வெறும் என்றுதான்.

"வெறும் அயிந்தா அம்மா?" என்று, ஆகிவிட்டதா என்பதைத் தெலுங்கில் கேட்டாள்.

சீசாவை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்தேன். தண்ணீர் ஒரே படலமாக இறங்கியது.

"அயிந்தி," என்றேன். "நீ கல்லப் போடு."