உறைப்புக் காணாத கோழி உருண்டை

இன்று மகளின் பிறந்தநாள். வீடியோ பார்த்து, அரைத்த கோழி இறைச்சியில் இஞ்சி, உள்ளி, சோயா சோஸ் சேர்த்து உருண்டை பிடித்துப் பொரித்தேன்.

வயல் வரம்புச் சண்டைக்குப் பிறகு எங்களோடு கதைக்காத கணவரின் அண்ணாவும் வந்திருந்தார். மகள் நெடுங்கேணிக்குப் போய் அழைத்ததால் வந்தவர். சகோதரர்கள் இருவரும் ஆளுக்கொரு கதிரையில் இருந்து டிவி பார்த்தார்கள்.

தட்டை நடுவில் வைத்தேன்.

கணவரின் அண்ணா ஒன்றைக் கடித்தார். "பிள்ளை, இது என்ன?"

"சீனாக்காரர் செய்யிற மாதிரி, அத்தான்."

"உறைப்புக் காணாது."

"ஓம் அண்ணை, நானும் அதைத்தான் நினைச்சனான்," என்றார் என் கணவர்.

பிறகு என் சமையலில் தொடங்கி உரம், குளத்துத் தண்ணீர் என்று கதை நீண்டது. வரம்பை மட்டும் இருவருமே தொடவில்லை. தட்டு வெறுமையானது.

அடுத்தமுறை மிளகாய் போடவா, வேண்டாமா? யோசித்துச் சொல்லுங்கள்.