முரளியின் கார் கேம்

இன்று மண்ணரைக்குப் போயிருந்தேன், நண்பன் முரளியின் வீட்டுக்கு. பெருமாநல்லூர் ரோட்டு விபத்தில் அவன் இறந்த பிறகு இப்போதுதான் போகிறேன்.

கூப்பிட்டது அவன் மனைவி சுதா. வைரஸ் என்று ரிப்பேர் கடைக்காரர் கம்ப்யூட்டரை ஃபார்மட் செய்து கொடுத்துவிட்டாராம்.

"கேமெல்லாம் போயிருச்சுங்ண்ணா. அப்பாவோட கார் கேம் வேணும்னு பாப்பா ஒரே அழுகை."

"போகாதும்மா. அவன் வாங்குனதெல்லாம் கேம் கம்பெனியில அவன் அக்கவுண்ட்ல இருக்கும். மறுபடியும் டவுன்லோடு பண்ணிக்கலாம்."

பாஸ்வேர்டு அவளுக்குத் தெரிந்திருந்தது. மகள் பெயர்தான். உள்ளே போனால் அவன் ஆசையாக வாங்கிய கேம்கள் ஒன்றுகூடக் குறையாமல் இருந்தன. சுதா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள்.

காலையில் போட்ட டவுன்லோடு சாயங்காலம்தான் முடிந்தது. நாலு வயதுப் பாப்பா நாற்காலியில் ஏறி உட்கார்ந்தாள். திரையில் புத்தம் புதுச் சிவப்புக் கார் வந்து நின்றது.

"இது அப்பா கார் இல்லீங்க மாமா. அப்பாது மஞ்சக் கார்."

அவன் அடித்த மஞ்சள் பெயின்ட், ஜெயித்த ரேஸ்கள் எல்லாம் அந்தக் கம்ப்யூட்டரிலேயே பதிவாகியிருந்தவை. ஃபார்மட்டில் அழிந்துவிட்டன.

"நாம மஞ்சப் பெயின்ட் அடிச்சுக்கலாம் கண்ணு."

"வேண்டாங்க மாமா. அப்பா வந்து அடிப்பாரு."

சுதா எழுந்து சமையலறைக்குள் போய்விட்டாள். நான் கம்ப்யூட்டரை அணைத்தேன்.

அவன் வாங்கியதைக் கம்பெனிக்காரர்கள் பத்திரமாக வைத்திருந்து கொடுத்துவிட்டார்கள். அவன் ஓட்டியதை யாரிடம் போய்க் கேட்பது? தெரிந்தவர்கள் யாராவது சொல்லுங்களேன்.