தேன் என்று போட்டார்கள்

உலகின் தலைசிறந்த ஆங்கிலப் படங்கள், அவை விட்டுச்சென்ற தாக்கம் என்று யாராவது எழுதியிருந்தால் எனக்கு எரிச்சல்தான் வருகிறது. அந்தப் படங்களை நானும் பார்த்தவன்தான். ஆனால் டிவியில் அடியில் ஓடிய சிங்கள எழுத்தை வாசித்து வாசித்துப் பார்த்தவன். நடிகர்கள் வாய்க்குள் பேசுகிற ஆங்கிலம் இன்றைக்கும் என் காதில் ஏறாது. நான் அழுததெல்லாம் யாரோ ஒரு சிங்கள மொழிபெயர்ப்பாளரை நம்பித்தான்.

என் மனைவி ரிவர்ஸ்டன் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவள். கலேவெல சந்தையில் அவள் மரக்கறிக்குப் பேரம் பேசினால், கடைக்காரர் அவளைச் சிங்களப் பெண் என்றே நினைப்பார். சிங்களம் வாசிக்க மட்டும் வராது. தோட்டப் பள்ளிக்கூடத்தில் அதை யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. ஆகவே படம் ஓடும்போதெல்லாம் "என்ன சொன்னான்?" என்பாள். நான் வாசித்து, தமிழாக்கி, சொல்லி முடிப்பதற்குள் அடுத்தவன் பேசிவிட்டிருப்பான். கடைசியில் எங்கள் இருவருக்கும் சண்டை.

எனக்கு உயிரான படம் ஒன்று இருக்கிறது. படம் முழுக்க மனைவியிடம் முகம்கொடுத்துப் பேசாத ஒரு கிழட்டு ரயில் சாரதி, ஆஸ்பத்திரியில் அவள் கண்மூடிய பிறகு, கம்பளியை இழுத்துப் போர்த்திவிட்டு ஒரே ஒரு வரி சொல்வான். அந்த இடம் வந்தால் எனக்குத் தொண்டை அடைத்துவிடும். அதனால் அந்த வரியை மட்டும் நான் அவளுக்குச் சொன்னதே இல்லை. அவளும் அதைப் பார்த்து அழவேண்டும் என்று எனக்கு அப்படி ஓர் ஆசை.

போன மாதம், மாத்தளை டவுனில் போன் கடை வைத்திருக்கும் நண்பர் அதே படத்தைப் பென்டிரைவில் போட்டுத் தந்தார். "தமிழ் எழுத்தோடயே ஈக்கிது. ரெண்டு பேரும் இருந்து பாருங்க" என்றார். பல்லேபொல பஸ்ஸில் கால் வலிக்க நின்றுகொண்டு வந்ததுகூடத் தெரியவில்லை.

இயந்திரம் செய்த தமிழ் அது. 'பயிற்சி தாமதமாக வருகிறது' என்று வந்தது. ரயிலைத்தான் அப்படிப் போட்டிருந்தார்கள் என்று விளங்கவே எனக்கு நேரம் எடுத்தது. பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன். கடைசியில் கிழவன் கம்பளியைப் போர்த்திவிட்டான். வாய் திறந்தான். அடியில் எழுத்து வந்தது: 'தேன், நாங்கள் வீட்டிற்குச் செல்கிறோம்.'

அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். "பொஞ்சாதி செத்துக் கெடக்கா, இவன் தேன் கேக்கிறானே."

செல்லமாகக் கூப்பிடும் 'ஹனி'யைத்தான் தேனாக்கியிருந்தார்கள். டிவியை அணைத்துவிட்டேன். சொந்த மொழியில் பார்க்க இத்தனை வருஷம் காத்திருந்து, கிடைத்த லட்சணம் இது.

"கோவிக்காதீங்க. சிங்களத்துல என்னதான் போட்டிருந்தாங்க?"

கோபத்தில் இருந்ததால் தொண்டை அடைக்கவில்லை. "ரத்தரனே, அபி கெதர யமு" என்று வெடுக்கென்று சொன்னேன்.

அவள் சிரிப்பு நின்றுவிட்டது. அணைந்து கிடந்த டிவியையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண் நிறைந்துவிட்டது. பிறகு என்னைவிடப் பெரிய கோபம் அவளுக்கு வந்தது.

"தங்கம், வா, வீட்டுக்குப் போவோம். அவ்வளவுதானே? இத எழுத ஒரு தமிழாள் கெடைக்கலயா அவங்களுக்கு?"